வீட்டுக்குள் இலைச்செடி: நெல்லைச் சீமை வீடுகளுக்கு ஒரு முழு வழிகாட்டி

வீட்டுக்குள் செடி வளர்ப்பது பற்றி இணையத்தில் தேடினால் வருகிற குறிப்புகளில் பாதி பனிக்காலத்தைப் பற்றியே பேசும். ஹீட்டர் பக்கத்தில் வைக்காதே, குளிர்ந்த ஜன்னல் கண்ணாடியில் இலை படவிடாதே, மார்ச் வரைக்கும் தண்ணீரைக் குறை. நமக்கு அதில் எதுவும் பொருந்தாது. பாளையங்கோட்டையில் மார்கழி விடியலில்கூட 20 டிகிரிக்குக் கீழே போவது அபூர்வம். மணி பிளாண்டும் சிங்கோனியமும் கேட்கிற வெதுவெதுப்பு வருஷம் முழுக்க நமக்கு இலவசமாகக் கிடைக்கிறது. நம் பக்கம் இந்தச் செடிகள் சாவது வேறு காரணங்களால். ஜன்னலே இல்லாத நடு அறை, போர்வெல் உப்பு, ஆனி ஆடிக் காற்று. எல்லாவற்றுக்கும் மேலே, தினமும் காலையில் ஒரு செம்பு ஊற்றாவிட்டால் மனசு கேட்காத நம் கை.

அதனால் இங்கே வரிசை கொஞ்சம் மாறி வரும். செடி வாங்குவது இரண்டாவது வேலை. இடம் பார்ப்பதுதான் முதல் வேலை.

1. வெளிச்சம் எங்கே விழுகிறது என்று பாருங்கள்

பாபநாசத்துக்கு மேலே மழைக்காட்டில் மரத்தைப் பற்றிக்கொண்டு ஏறும் போத்தோஸ் கொடிகள் உண்டு. மணி பிளாண்டுக்கு அவை உறவு. உச்சி வெயில் மரத்தலைகளிலேயே நின்றுவிடும். கொடிக்கு வருவது இலைகளில் சலித்து இறங்கிய வெளிச்சம். வெளிச்சம்தான், இருட்டு இல்லை. ‘நிழல்ல வளரும் அண்ணாச்சி’ என்று நர்சரியில் சொன்னதை நம்பி பீரோவுக்கும் சுவருக்கும் நடுவில் செருகி வைத்தால், ஆறு மாதத்தில் செடி நீட்டி, வெளிறி, இலை சிறுத்துப் போகும்.

நெல்லை டவுனிலும் கல்லிடைக்குறிச்சி, அம்பாசமுத்திரம் பக்கமும் பழைய வீடுகள் திண்ணை, தார்சா, பட்டாசல் (கூடம்), இரண்டாங்கட்டு, அடுப்படி, புறவாசல் என்று ஒரே நேர்கோட்டில் உள்ளே போகும். இரு பக்கமும் பொதுச்சுவர், ஜன்னல் கிடையாது. வெளிச்சம் வருவது தெருவாசல், முற்றம், புறவாசல் என்று மூன்று இடத்தில்தான். செடி அந்த மூன்று இடத்திலிருந்து ஆறேழு அடிக்குள் இருக்க வேண்டும். பட்டாசலின் நடுவில் எந்தச் செடியும் நிரந்தரமாக வாழாது. அங்கே அழகுக்கு ஒன்று வேண்டுமானால் இரண்டு தொட்டி வாங்கி, வாரத்துக்கு ஒருமுறை முற்றத்துத் தொட்டியோடு மாற்றி வையுங்கள்.

சோதிக்க ஒரு வழி இருக்கிறது. பகல் 12 மணிக்கு விளக்கு போடாமல், செடி வைக்க நினைத்த இடத்தில் ஒரு வெள்ளைத் தாளை வைத்து, ஒரு அடி உயரத்தில் கையை நீட்டுங்கள். நிழல் கூர்மையாக, விரல்கள் தனித்தனியாகத் தெரிந்தால் நேர் வெயில். ஓரம் மங்கலாக, ஆனால் கை என்று தெரிந்தால் இலைச்செடிக்கு அதைவிட நல்ல இடம் இல்லை. வெறும் கறை போலத் தெரிந்தால் குறைந்த வெளிச்சம். அங்கே இரண்டு மூன்று செடிகள்தான் தாங்கும். நிழலே விழவில்லையா, அங்கே செடி வேண்டாம்.

திசைக் கணக்கிலும் நமக்கு வெளிநாட்டுப் புத்தகம் உதவாது. ‘தெற்கு ஜன்னல்தான் அதிக வெயில்’ என்று அவர்கள் எழுதுவது அவர்கள் ஊருக்குச் சரி. திருநெல்வேலி இருப்பது ஏறக்குறைய 8.7 டிகிரி வட அட்சத்தில். சித்திரை பிறக்கிற சமயத்தில் சூரியன் நம் உச்சந்தலைக்கு மேல் வந்து, அதன்பின் ஆகஸ்ட் கடைசி வரை நண்பகலில் வடக்குப் பக்கம் சாய்ந்து நிற்கிறது. பிறகு தெற்கே திரும்பி, மார்கழியில் நன்றாகச் சாய்ந்து தெற்கு ஜன்னல் வழியாக உள்ளே வருகிறது. ஆக, தை மாதம் தெற்கு ஜன்னலில் சுகமாக இருந்த செடி ஆனியில் அதே இடத்தில் வெளிச்சம் குறைந்து நிற்கும். வடக்கு ஜன்னலில் அப்போது வெயில் எட்டிப் பார்க்கும். வருஷம் முழுக்க நம்பக்கூடியது கிழக்கு. காலை வெயில் ஒன்பது மணி வரை பட்டால் எந்த இலைச்செடிக்கும் கெடுதல் இல்லை. மேற்கு ஜன்னல் பங்குனியிலிருந்து ஆவணி வரை இலையைப் பொசுக்கும். அங்கேதான் வைத்தாக வேண்டும் என்றால் ஒரு காடாத்துணித் திரை போடுங்கள், அல்லது நாலடி உள்ளே தள்ளுங்கள்.

2. இடத்துக்கு ஏற்ற செடியைத் தேர்ந்தெடுங்கள்

குறைந்த வெளிச்சத்துக்கு ஸ்நேக் பிளாண்டும் ஸீஸீ பிளாண்டும். நம் பக்கம் வேலியோரத்தில் நார் உரிக்கிற மருள் என்று ஒரு செடி உண்டு. ஸ்நேக் பிளாண்ட் அதற்கு மேற்கு ஆப்பிரிக்கப் பங்காளி. தடித்த இலையில் தண்ணீரைச் சேர்த்து வைத்துக்கொள்ளும். ஸீஸீக்கு மண்ணுக்குள் கிழங்கு, அதிலேயே சேமிப்பு. இரண்டும் மறதிக்காரர்களுக்கு ஏற்ற செடிகள். தினம் ஊற்றுகிறவர்கள் கையில்தான் சாகும்.

நடுத்தர வெளிச்சத்துக்கு மணி பிளாண்ட், சிங்கோனியம், இதய இலை பிலோடென்ட்ரான், அக்லோனிமா. பச்சை இலை அக்லோனிமா கொஞ்சம் மங்கலிலும் தாங்கும். சிவப்பு, ரோஸ் கலந்த ரகங்களுக்கு வெளிச்சம் கூடுதலாக வேண்டும், இல்லாவிட்டால் நிறம் மங்கிப்போகும். மணி பிளாண்டிலும் மஞ்சள், வெள்ளைத் திட்டு உள்ளவற்றுக்கு அதே விதிதான். இலையில் பச்சை குறைய குறைய வெளிச்சத் தேவை ஏறும்.

ஜன்னலோரத்துக்கு ஸ்பைடர் பிளாண்ட், ரப்பர் செடி, டிராசீனா.

கலாத்தியா, மராந்தா, பெரணி இவற்றின் படத்தைப் பார்த்து ஆசைப்படாதவர்கள் இல்லை. தென்காசி, செங்கோட்டை, குற்றாலம் பக்கம் வீடு இருந்தால் தாராளமாக வாங்குங்கள். சாரல் காற்றின் ஈரம் அவற்றுக்குப் பிடிக்கும். நாங்குநேரி, வள்ளியூர், ராதாபுரம் பக்கத்துக்கு நான் சொல்ல மாட்டேன். வறண்ட காற்றில் இலையோரம் காகிதம் போலக் கருகும். புகைபோலத் தண்ணீர் தெளித்தால் சரியாகும் என்பார்கள். அந்த ஈரம் சில நிமிஷத்தில் காய்ந்துவிடும். நாலைந்து செடிகளை நெருக்கி வைப்பது அதைவிடப் பயன்.

3. வாங்கி வந்ததும் தனியே வையுங்கள்

நம் ஊர் நர்சரிகளுக்கு வருகிற இலைச்செடிகளில் நிறைய ஆந்திராவின் கடியத்திலிருந்தும் கேரளத்திலிருந்தும் லாரியில் வருபவை. பச்சை நிழல்வலைக்குக் கீழே, ஈரக்காற்றில் வளர்ந்தவை. வாங்கும்போது இலையின் அடிப்பக்கத்தையும் கணுவின் இடுக்கையும் பாருங்கள். வெள்ளைப் பஞ்சு ஒட்டியிருந்தால் மாவுப்பூச்சி. அந்தச் செடியை மட்டுமல்ல, அதற்குப் பக்கத்தில் இருக்கிறதையும் வாங்காதீர்கள். பெரிய செடியைவிட புதுத்தளிர் விடுகிற நடுத்தரச் செடி மேல்.

வீட்டுக்கு வந்ததும் இரண்டு வாரம் மற்ற செடிகளிலிருந்து தள்ளி வையுங்கள். ஒன்றிரண்டு அடியிலை மஞ்சளாகி விழும். பயந்து உரம் போட வேண்டாம். அன்றைக்கே தொட்டி மாற்றவும் வேண்டாம்.

4. தொட்டியும் மண்ணும்

காருகுறிச்சி மண்பாண்டத்துக்குப் பேர்போன ஊர். சுட்ட மண்தொட்டியின் சுவர் வழியே ஈரம் வெளியேறும். ஸ்நேக் பிளாண்ட், ஸீஸீ, ரப்பர் செடிக்கு அது வரம். சிங்கோனியம், அக்லோனிமா போன்றவற்றுக்கு நம் கோடையில் மண்தொட்டி சீக்கிரம் காய்ந்துவிடும். பிளாஸ்டிக் தொட்டியே நல்லது. இதைச் சொன்னால் சிலருக்குப் பிடிக்காது, ஆனால் செடிக்குப் பிடிக்கிறது. எந்தத் தொட்டியானாலும் அடியில் ஓட்டை வேண்டும். ஓட்டையில்லாத பீங்கான் தொட்டி ஆசையாக இருந்தால், செடியைப் பிளாஸ்டிக் தொட்டியில் வளர்த்து அதை உள்ளே இறக்கி வையுங்கள்.

அளவு: பழைய தொட்டியைவிட ஓரிரு அங்குலம் அகலம் போதும். சின்னச் செடிக்குப் பெரிய தொட்டி வைத்தால் வேர் எட்டாத மண்ணில் ஈரம் தங்கிப் புளிக்கும்.

அடியில் ஜல்லி போட்டால் தண்ணீர் நன்றாக வடியும் என்பது பரம்பரையாக வருகிற நம்பிக்கை. உண்மையில் நுண்ணிய மண்ணிலிருந்து பெருங்கல்லுக்குத் தண்ணீர் எளிதில் இறங்காது; மண் நன்றாக ஊறிய பிறகே சொட்டும். ஈரம் தேங்கும் மட்டம் வேருக்குப் பக்கத்தில் உயர்வதுதான் மிச்சம். ஓட்டையை மறைக்க ஒரு உடைந்த ஓட்டுத்துண்டோ கொசுவலைத் துண்டோ போதும்.

கோவில்பட்டிப் பக்கத்துக் கரிசல் மண் பருத்திக்கு ஆகும், தொட்டிக்கு ஆகாது. ஈரத்தில் பிசினாகி, காய்ந்தால் வெடித்து வேரை அறுக்கும். செவல் மண் ஒரு பங்கு, தென்னை நார்த்தூள் ஒரு பங்கு, மண்புழு உரம் அரைப்பங்கு, பெர்லைட் என்கிற வெள்ளைக் குருணை அல்லது உடைத்த அடுப்புக்கரி அரைப்பங்கு. ஸ்நேக் பிளாண்டுக்கும் ஸீஸீக்கும் நார்த்தூளைப் பாதியாக்கி, கரியோ பருமணலோ கூட்டுங்கள். எம் சாண்ட் போடுவதானால் சலித்து, பொடியைத் தள்ளிவிட்டுக் குருணையை மட்டும் எடுங்கள். நார்த்தூளில் உப்பு இருக்கும். இரண்டு மூன்று தண்ணீர் மாற்றி ஊறவைத்துப் பிழிந்த பிறகே கலக்க வேண்டும்.

கடியம் செடிகள் சிலவற்றில் வேரைச் சுற்றிக் கெட்டியான களிமண் உருண்டை இருக்கும். அதை அப்படியே நட்டால் சுற்றியுள்ள மண் நனையும், உருண்டை நனையாது. அல்லது உருண்டை நனைந்தே கிடக்கும். மாற்றும்போது வாளித் தண்ணீரில் ஊறவைத்து, விரலால் பாதிக் களியைக் கரைத்துவிடுங்கள்.

5. தண்ணீர்

இந்த வழிகாட்டியில் ஒரு பகுதியை மட்டும் படிக்க நேரம் இருந்தால் இதைப் படியுங்கள்.

கிழமை வைத்து ஊற்றாதீர்கள். ஆள்காட்டி விரலை இரண்டு கணு ஆழத்துக்கு மண்ணில் விடுங்கள். மணி பிளாண்ட், சிங்கோனியம், அக்லோனிமா என்றால் அந்த ஆழத்தில் காய்ந்திருந்தால் ஊற்றலாம். ஸ்நேக் பிளாண்ட், ஸீஸீக்கு அடி வரை காய வேண்டும்; ஒரு குச்சியை விட்டு எடுத்துப் பாருங்கள், மண் ஒட்டாமல் வர வேண்டும். பழகிய பிறகு தொட்டியைத் தூக்கிப் பார்த்தாலே கை சொல்லிவிடும்.

ஊற்றும்போது கொஞ்சமாக ஊற்றாதீர்கள். அடி ஓட்டை வழியே வெளியேறும் வரை ஊற்றி, அரை மணி கழித்துத் தட்டில் நிற்கிற தண்ணீரைக் கொட்டுங்கள். தினமும் கால் செம்பு ஊற்றினால் மேல்மண் எப்போதும் ஈரம், அடிவேர் எப்போதும் தாகம். அதோடு அந்த மேல்மண் ஈரத்தில் பொடிக் கறுப்பு ஈக்கள் பெருகும்.

செடி வாடியிருந்தால் முதலில் மண்ணைத் தொடுங்கள். மண் காய்ந்து வாடினால் தாகம். மண் ஈரமாக இருந்தும் வாடினால் வேர் அழுகுகிறது என்று அர்த்தம். அதற்கு மேலே ஊற்றுவது கொலை. தொட்டியைக் கவிழ்த்து எடுங்கள். கறுத்து, கொழகொழவென்று நாற்றமடிக்கிற வேரை வெட்டி எறிந்து, வெளுப்பாகக் கெட்டியாக இருப்பதை மட்டும் வைத்து, காய்ந்த புதுமண்ணில் சின்னத் தொட்டியில் நடுங்கள். மிச்சமிருக்கும் இலைகளில் பாதியையும் குறைத்துவிட்டால் பிழைக்க வாய்ப்பு அதிகம்.

நேர்மாறாக, நார்த்தூள் கலந்த மண் அடியோடு காய்ந்துவிட்டால் தண்ணீரை உள்ளே வாங்காது; ஊற்றியது தொட்டி ஓரமாக வழிந்து ஓடும். வாளியில் பாதி தண்ணீர் பிடித்து, தொட்டியை 20 நிமிஷம் இறக்கி வைத்து எடுங்கள்.

எந்தத் தண்ணீர்? தாமிரபரணிக் குழாய்த் தண்ணீர் வருகிற வீட்டுக்கு யோசனையே வேண்டாம். போர்வெல்லை நம்பியிருக்கிற இடங்களில், குறிப்பாகக் கடலோரம் நெருங்க நெருங்க, உப்பு கூடும். மண்ணின் மேலும் தொட்டிச் சுவரிலும் வெள்ளைப் பொருக்கு, இலை நுனியில் பழுப்பு. இவைதான் அடையாளம். ஸ்பைடர் பிளாண்ட், டிராசீனாவில் முதலில் தெரியும். மாதம் ஒருமுறை நல்ல தண்ணீரைத் தொட்டியின் கொள்ளளவுக்கு மூன்று மடங்கு மெல்ல ஊற்றி உப்பை அடித்துக் கழுவுங்கள். ஐப்பசி மழையை மூடியுள்ள டிரம்மில் பிடித்து வைத்தால் அதைவிட நல்ல மருந்து இல்லை. ஏசியிலிருந்து சொட்டும் தண்ணீரும் ஊற்றலாம். ஆர்.ஓ. கருவி வெளியே தள்ளுகிற தண்ணீரை மட்டும் ஊற்றாதீர்கள். ஊரிலுள்ள உப்பெல்லாம் அதில்தான் சேர்ந்திருக்கும். அரிசி களைந்த தண்ணீர் புறவாசல் முருங்கைக்குப் போகட்டும். வீட்டுக்குள் தொட்டியில் புளித்து ஈயைக் கூப்பிடும்.

பாட்டில் தண்ணீரில் மணி பிளாண்ட் வைப்பவர்கள் வாரத்துக்கு ஒருமுறை தண்ணீரை முழுக்க மாற்றி, பாட்டிலின் உள்சுவரையும் தேய்த்துக் கழுவ வேண்டும். டெங்கு கொசு முட்டையிலிருந்து பறக்க ஏழு முதல் பத்து நாள் போதும். தொட்டித் தட்டுக்கும் இதே கணக்கு.

6. மாதத்துக்கு ஏற்றபடி மாற்றுங்கள்

பங்குனி முதல் வைகாசி வரை: வெயில் 38 டிகிரியைத் தொடும். செடியை ஜன்னலிலிருந்து ஒன்றிரண்டு அடி உள்ளே இழுங்கள். காலையில் ஊற்றுங்கள். தொட்டி மாற்றுதல், உரம் இரண்டையும் ஒத்திவையுங்கள்.

ஆனி முதல் ஆவணி வரை: இங்கேதான் பலரும் ஏமாறுகிறார்கள். வெயில் குறைந்த மாதிரி இருக்கும், மேகமாக இருக்கும். ஆனால் மேற்கு மலையின் கணவாய் வழியே வருகிற காற்று குற்றாலத்தில் சாரலைக் கொட்டிவிட்டு, திருநெல்வேலிக்கு வரும்போது வறண்டு வரும். மேற்கு ஜன்னல் திறந்திருந்தால் தொட்டி சித்திரையைவிட வேகமாகக் காயும், இலை கிழியும். செடியைக் காற்றோட்டத்தின் நேர்வழியிலிருந்து விலக்குங்கள். தென்காசிப் பக்கம் இதே மாதங்கள் செடி வளர்கிற மாதங்கள்; தொட்டி மாற்ற, பதியம் போட ஏற்ற காலம்.

புரட்டாசி நடுநிலை. நெல்லைச் சமவெளியில் தொட்டி மாற்றுவதற்கு நான் இந்த மாதத்தைத்தான் சொல்வேன். பின்னால் மழையின் ஈரக்காற்று வருகிறது.

ஐப்பசி, கார்த்திகை: அடைமழை. வெளிச்சம் குறைவு, காற்றில் ஈரம் அதிகம், மண் காயவே காயாது. கோடையில் நாலு நாளைக்கு ஒருமுறை கேட்ட மணி பிளாண்ட் இப்போது பத்து நாள்கூடத் தாங்கும். ஸ்நேக் பிளாண்டை மாதம் முழுக்க மறந்துவிடலாம். வேர் அழுகல் அதிகம் நடப்பது இந்த இரண்டு மாதத்தில்.

மார்கழி முதல் மாசி வரை நல்ல காலம். தெற்கு ஜன்னல் வெயிலைப் பயன்படுத்துங்கள்.

7. உரமும் துடைப்பதும்

இரண்டு மாதத்துக்கு ஒருமுறை ஒரு கைப்பிடி மண்புழு உரம். அல்லது தழை, மணி, சாம்பல் சத்து மூன்றும் சம அளவில் உள்ள 19:19:19 உரம் லிட்டருக்கு 1 கிராம், மாதம் ஒருமுறை, ஈரமான மண்ணில். அவ்வளவுதான்.

தெருவாசல் பக்கத்துச் செடியில் தூசி படியும், வெளிச்சத்தை மறைக்கும். ஈரத்துணியால் இலையின் இரு பக்கமும் துடையுங்கள். மினுமினுப்புக்காகத் தேங்காய் எண்ணெயோ பாலோ தடவ வேண்டாம். இலைத்துளை அடைபடும், தூசி இன்னும் ஒட்டும், பாலுக்கு எறும்பு வரும்.

8. பூச்சி

மாவுப்பூச்சி சிலதுதான் என்றால் பஞ்சில் ஸ்பிரிட் தொட்டுத் துடைத்து எடுங்கள். பரவியிருந்தால் ஒரு லிட்டர் தண்ணீரில் 5 மி.லி. வேப்பெண்ணெய், சில சொட்டு சோப்புக் கரைசல் கலந்து, மாலையில் இலையின் அடிப்பக்கம் நனையத் தெளியுங்கள். வாரம் ஒருமுறை, மூன்று வாரம். வாசனை வீடெங்கும் நிற்கும். முற்றத்தில் வைத்துத் தெளிப்பது நல்லது. காற்றடி மாதங்களில் இலை புள்ளி புள்ளியாக வெளிறி, அடியில் மெல்லிய வலை தெரிந்தால் சிலந்திப்பேன். குழாயடியில் இலையைத் திருப்பித் திருப்பிக் கழுவினாலே பாதி போய்விடும். கறுப்பு ஈக்களுக்கு மருந்து, மண்ணைக் காயவிடுவது.

9. ஒன்றைப் பலவாக்குங்கள்

மணி பிளாண்டைத் திருடி வைத்தால்தான் வளரும் என்பார்கள். கேட்டு வாங்கினாலும் வளரும், கணு இருந்தால். கணுவுக்குக் கீழே அரை அங்குலம் விட்டு வெட்டி, தண்ணீரிலோ ஈரமண்ணிலோ வையுங்கள். கணு இல்லாத வெறும் இலை வேர் விட்டாலும் கொடியாகாது. சிங்கோனியம், பிலோடென்ட்ரானும் இப்படியே. ஸ்பைடர் பிளாண்டில் தொங்குகிற குட்டியைப் பதித்தால் போதும். ஸ்நேக் பிளாண்டின் இலையைத் துண்டாக்கி நட்டால் முளைக்கும், ஆனால் மஞ்சள் ஓர ரகத்தில் மஞ்சள் போய் வெறும் பச்சையாக வரும். ஓரம் வேண்டுமென்றால் கிழங்கோடு பிரித்து நட வேண்டும். ஸீஸீ இலையும் முளைக்கும், மாதக்கணக்கில் பொறுமை இருந்தால்.

10. குழந்தையும் பூனையும் உள்ள வீட்டில்

மணி பிளாண்ட், சிங்கோனியம், அக்லோனிமா, ஸீஸீ, டிஃபன்பேக்கியா எல்லாம் சேம்பு, சேனைக்கிழங்கின் குடும்பம். சேனை நறுக்கினால் கை அரிக்கிற அதே கால்சியம் ஆக்சலேட் ஊசிப்படிகங்கள் இவற்றிலும் உண்டு. கடித்தால் வாயும் நாக்கும் எரிந்து வீங்கும். டிஃபன்பேக்கியா இதில் மோசம். தவழ்கிற குழந்தை உள்ள வீட்டில் அதைத் தவிர்த்து, மற்றவற்றை உயரத்தில் தொங்கவிடுங்கள். செடியை வெட்டிய கையோடு கண்ணைத் தேய்க்காதீர்கள். ஸ்பைடர் பிளாண்டைப் பயமில்லாமல் வைக்கலாம்.

காற்றைச் சுத்தம் செய்யும் என்று சொல்லி விற்பார்கள். அதற்கு ஆதாரமாகக் காட்டுகிற, 1989இல் நாசா வெளியிட்ட ஆய்வு காற்றுப் போகாத சின்ன அடைப்புப் பெட்டிக்குள் நடந்தது. சாதாரண அறையில் ஜன்னல் செய்கிற வேலையைச் செடி செய்ய, சதுர மீட்டருக்கு 10 முதல் 1000 செடி வரை வேண்டும் என்று 2019இல் வந்த மறுபரிசீலனை கணக்குச் சொன்னது. பார்க்க நன்றாக இருக்கிறது என்று வாங்குங்கள், போதும்.

11. ஊருக்குப் போகும்போது

கோடையும் காற்றடி மாதங்களும் அல்லாதபோது பத்து நாள் வரை வீட்டைப் பூட்டிப் போகலாம். கிளம்பும் முதல் நாள் சிங்கோனியம், அக்லோனிமா வகையறாவுக்கு நிறைய ஊற்றி, வடியவிட்டு, எல்லாவற்றையும் முற்றத்தோரம் நெருக்கி வையுங்கள். தட்டில் தண்ணீர் நிரப்பிவிட்டுப் போகாதீர்கள். அதற்கு மேல் நாளாகும் என்றால் பக்கத்து வீட்டில் சாவி கொடுக்க வேண்டும். “ஆச்சி, இந்த ஓரத்துல இருக்கிற ரெண்டு தொட்டிக்கு மட்டும், வாரத்துக்கு ஒரு தடவ ஊத்துங்க” என்று தொட்டியைத் தொட்டுக் காட்டிச் சொல்லுங்கள். ஸ்நேக் பிளாண்டையும் ஸீஸீயையும் அவர்கள் கண்ணில் படாத அறையில் வைத்துப் பூட்டிவிட்டுப் போவது உத்தமம். கண்ணில் பட்டால் பாவம் பார்த்து ஊற்றிவிடுவார்கள்.